பாசியின் பெயர் சொல்லும் ஆட்டம்

ஹூலா நடன ஆசிரியை எடித் கனகாஓலே இயற்றிய பாட்டுகளில் ஒன்று, கடற்பாசியைப் பற்றியது. ஹவாய்த் தீவுகளில் இன்றும் அதற்கு ஹூலா ஆடுகிறார்கள். லிமு என்று அங்கே சொல்லப்படும் இந்தப் பாசி, காலங்காலமாக அந்த மக்களின் உணவு. பச்சை மீனோடு பிசைந்து தின்பார்கள். மணலில் ஒதுங்கிக் கிடக்கும் வாசமுள்ள லிப்போவா, பாறைத் திட்டுகளில் சிவந்து வளரும் லிமு கோஹு என்று ஒவ்வொரு வகையும் பெயரோடும் இடத்தோடும் பாட்டில் வருகிறது. பாட்டைப் படித்த பெண்ணுக்கு, எந்தப் பாசியை எங்கே தேடவேண்டும் என்பதும் சேர்ந்தே வந்துவிடும். விடுதி மேடையில் கையசைவை மட்டும் ரசித்துவிட்டுப் போகும் பயணிக்கு இதெல்லாம் எட்டாது.

எடித் 1913இல் ஹோனோமு என்ற ஊரில் பிறந்தார். ஹூலாவைத் தாயிடம் கற்றார். பள்ளிகளில் ஆங்கிலமே பயிற்றுமொழி என்ற சட்டம் 1896இலேயே வந்துவிட்டது. தாய்மொழி பேசிய பிள்ளைகள் அடி வாங்கிய காலம் அது. அது ஹூலாவுக்கும் விழுந்த அடிதான். ஹூலாவில் ஓதல்தான் முதல். உடல் அதன் பின்னால் போகிறது. மொழி போய்விட்டால் மிச்சம் இருப்பது வெறும் அசைவு.

1946 முதல் அவரே ஓதல்கள் இயற்றினார். மரபைக் காப்பவர் புதிதாக எழுதலாமா என்று முகம் சுளிப்பவர்கள் உண்டு. எழுதியே தீரவேண்டும் என்பேன். புதிய ஓதல் பிறக்காத மொழியில் பழைய ஓதல் யாருக்குப் புரியும்?

1953இல் ஹிலோ நகரில் ஹாலாவ் ஓ கெகுஹி என்ற ஹூலாப் பள்ளியைத் தொடங்கினார். எரிமலைத் தேவி பெலேயின் வேகம் கொண்டது அந்தப் பள்ளியின் பாணி. முழங்கால் மடக்கி, கிட்டத்தட்ட நம் அரைமண்டிபோலத் தாழ்ந்து, தரை அதிர ஆடுவார்கள். மகள்கள் புவாலனியும் நாலனியும் பின்னாளில் அதை ஏற்று நடத்தினார்கள்.

1970களில் கெயாவுகஹா அரசுப் பள்ளியில் ஹவாய் மொழி வகுப்பு உருவாக உழைத்தார். ஹிலோவில் கல்லூரியிலும் பல்கலைக்கழகத்திலும் ஓதல், வம்சாவளி, புராணக் கதைகள் எல்லாம் கற்பித்தார்; தாவரங்களையும் கற்பித்தார். ஆட்டக்காரிக்குத் தாவரப் பாடம் எதற்கு? தலையிலும் கழுத்திலும் மணிக்கட்டிலும் கட்டும் தழைகள் காட்டிலிருந்து வரவேண்டும். எதைப் பறிக்கலாம், எவ்வளவு விட்டுவைக்கவேண்டும் என்று தெரியாதவர் கையில் அந்தக் காடும் நிற்காது, ஹூலாவும் நிற்காது.

1978இல் ஹவாய் மொழி அந்த மாநிலத்தின் ஆட்சிமொழிகளில் ஒன்றானது. மறுவருடம் எடித் காலமானார். 2023இல் அமெரிக்க அரசு அவர் முகம் பொறித்த 25 சென்ட் நாணயம் வெளியிட்டது. அதில் அவர் கூந்தல் மலையும் நிலமுமாக விரிகிறது. எனக்கு அதைவிடப் பெரிதாகப் படுவது வேறு. தன் மாணவர்களுக்காக, அறிவைத் தா என்று வேண்டி அவர் எழுதிய சின்ன ஓதல் ஒன்று இருக்கிறது. அவர் பள்ளிக்கு வெளியிலும் பரவிய அதை, இன்று ஹவாயின் வகுப்பறைகளில் பாடம் தொடங்குமுன் பிள்ளைகள் மும்முறை ஓதுகிறார்கள், அவர்கள் மொழியிலேயே.