ஆட்டக்காரர் வாத்தியாரான கதை

வில்லாபுரத்தில் மாலை ஐந்து மணிக்குமேல் உலாவப் புறப்படுகிறவர்கள் தலையைக் காப்பாற்றிக்கொண்டுதான் நடக்க வேண்டும். வீடு கட்டாத காலி மனை எங்கே இருந்தாலும் நம் தெருப் பிள்ளைகள் நான்கு செங்கல்லை நட்டு, இரண்டு 'கோல்' உண்டாக்கிவிடுகிறார்கள். போன வாரம் ஒரு பந்து நமது மூக்குக் கண்ணாடியை ஓர் அங்குலத்தில் தப்பவிட்டுச் சென்றது. உதைத்த பிள்ளையின் தகப்பனார் அண்டை வீட்டுக்காரர். ஜவுளிக் கடை ஒன்றில் கணக்கு எழுதுகிறவர். மன்னிப்புக் கேட்க வந்தவர், அந்தக் காரியத்தை முடித்துவிட்டு மெதுவாக நமது வாசற்படியில் உட்கார்ந்தார்.

"பையன் நன்றாக ஆடுகிறான் என்றுதான் எல்லோரும் சொல்கிறார்கள், ஸார். ஆனால் முப்பது முப்பத்தைந்து வயதுக்குமேல் காலில் வலு இராதே! அப்புறம் என்ன செய்வான்?"

வாத்தியாராகப் பிறந்தவனிடம் எந்தக் கேள்விக்கும் விடை தயாராக இருக்கும் என்பது உலகத்தின் எண்ணம். "அப்புறம் மற்றவர்களுக்குச் சொல்லிக்கொடுப்பான்" என்று சொல்லி வைத்தோம். அவர் எழுந்து போன பிறகுதான், அது அவ்வளவு லேசான காரியமா என்ற சந்தேகம் நம்மைப் பிடித்துக்கொண்டது. நமக்குச் சிறு வயதில் கணக்குச் சொல்லிக்கொடுத்தவர் ஒரு மகா மேதை. கரும்பலகையில் விடையை எழுதிவிட்டு, "இதுகூடவா தெரியவில்லை?" என்று நம்மைப் பார்ப்பார். தெரியவில்லை. இன்று வரை தெரியவில்லை.

ஆடத் தெரிந்தவர் ஆட்டத்தைச் சொல்லிக்கொடுக்கவும் தெரிந்தவரானது எப்படி என்று யோசித்தபோது நமக்கு முதலில் நினைவுக்கு வந்தவர், கல்கத்தாவில் பி. கே. என்ற இரண்டே எழுத்துக்களால் பிரசித்தி பெற்ற பிரதீப் குமார் பானர்ஜி.

அவர் 1936-ல் வங்காளத்தின் வடகோடியில் ஜல்பாய்குரிப் பக்கம் பிறந்தார். பதினைந்து வயதிலேயே பீகார் மாகாணத்துக் கோஷ்டியில் இடம் பெற்றார். 1954-ல் கல்கத்தா வந்து ஆரியன் கிளப்பில் ஒரு வருஷம் ஆடினார்; மறுவருஷம் ஈஸ்டர்ன் ரெயில்வேயில் உத்தியோகம் கிடைத்து, அதன் கோஷ்டியில் சேர்ந்தார். அவ்வளவுதான், 1967-ல் ஆட்டத்தை விடும் வரையில் அங்கேயே இருந்தார். மோகன் பகான், ஈஸ்ட் பெங்கால் என்ற இரண்டு பெரிய கிளப்புகளில் ஒன்றிலாவது ஆடாதவனைக் கல்கத்தாக்காரர்கள் மனிதனாகவே மதிப்பதில்லை என்பார்கள். பி. கே. அந்த இரண்டிலும் ஆடவில்லை. இருந்தும், 1958-ல் கல்கத்தா லீக் கோப்பையை அந்த ரெயில்வேக்காரர்கள் தட்டிக்கொண்டு போனார்கள். பெரிய கிளப்புகள் மூன்றையும் தவிர வேறொரு கோஷ்டி அதை மறுபடி வெல்வதற்கு 2019 வரை காத்திருக்க வேண்டியிருந்தது!

வலது ஓரத்தில் அவர் பந்தோடு ஓடிய வேகத்தையும், தூரத்திலிருந்து 'கோலை' நோக்கி உதைத்த உதையையும் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறார்கள். 1956-ல் மெல்பர்ன் ஒலிம்பிக்கில் நான்காவது இடம் பெற்ற இந்தியக் கோஷ்டியில் அவர் இருந்தார். 1960-ல் ரோமாபுரியில் அவரே தலைவர். பிரான்ஸுக்கு எதிராக இந்தியா போட்ட ஒரே 'கோல்' அவருடையது. இதெல்லாம் ஆட்டக்காரரின் பெருமை. நமக்கு வேண்டியது வேறு.

அந்தக் கோஷ்டிக்கு வாத்தியாராக இருந்தவர், ஹைதராபாத் சையத் அப்துல் ரஹீம். அவர் வாத்தியார் என்றால் மெய்யாகவே வாத்தியார். உஸ்மானியா சர்வகலாசாலைப் பட்டதாரி. பள்ளிக்கூடங்களில் சாக்குக் கட்டி பிடித்தவர். பழக்கமில்லாத காலால் மட்டுமே பந்தை உதைக்கலாம் என்று விதி வைத்து ஆட்டக்காரர்களுக்குள் பந்தயம் நடத்துவாராம். இந்த யுக்தியைக் கேள்விப்பட்டதும் நமக்கு ஏற்பட்ட ஆனந்தம் கொஞ்சமன்று. பையனுக்கு வராத பாடத்தை வைத்தே அவனுக்கு விளையாட்டு அமைத்துவிடுவது சாமானிய வாத்தியாரால் ஆகிற காரியமா?

1962-ல் ஜகார்த்தாவில் ஆசிய விளையாட்டுப் பந்தயம் நடந்தது. இஸ்ரேலையும் தைவானையும் இந்தோனேஷியா அழைக்காமல் விட்டதை இந்தியப் பிரமுகர் ஜி. டி. ஸோந்தி கண்டித்தார். அதனால் அந்த ஊர் ஜனங்களின் கோபமெல்லாம் நம் பிள்ளைகள்மீது திரும்பியிருந்தது. முதல் பந்தயத்திலேயே தென் கொரியாவிடம் இரண்டு 'கோல்' தோல்வி. பின்னர் தேறி வந்து, இறுதிப் பந்தயத்தில் மறுபடியும் அதே தென் கொரியாவைச் சந்திக்க நேர்ந்தது. ரஹீமுக்கு அப்போது உடம்பில் புற்றுநோய். பந்தயத்துக்கு முன்னாள் பிள்ளைகளைக் கூப்பிட்டு, நாளைக்குத் தங்கப் பதக்கம் ஒன்றுதான் தமக்கு வேண்டிய பரிசு என்று கேட்டாராம். பி. கே. பிற்காலத்தில் இதைப் பலமுறை சொல்லியிருக்கிறார். செப்டம்பர் 4-ம் தேதி, மைதானத்தில் கூடியிருந்த லட்சம் பேர் கூச்சலுக்கிடையே, முதல் 'கோல்' பி. கே. போட்டார். இரண்டாவதை, மண்டைக் காயத்தோடு முன்வரிசையில் நின்ற ஜர்னைல் சிங் போட்டார். 'கோல்' காத்தவர் நம் தங்கராஜ். இந்தியா 2, கொரியா 1. அதற்கப்புறம் இந்தியாவுக்கு ஆசியக் கால்பந்துத் தங்கம் கிடைக்கவே இல்லை. ரஹீம் மறு வருஷம் ஜூன் மாதம் காலமானார்.

பி. கே.யின் இரண்டாவது ஜீவியத்துக்கு வித்து அந்த ஜகார்த்தா இரவில் விழுந்தது என்பது நம் அபிப்பிராயம். ஆட்டத்தை விட்ட பின் அவர் செய்த காரியம் ஒன்று நமக்கு ரொம்பப் பிடித்தது. இரண்டு ஒலிம்பிக் கண்டவர் 'எனக்குத் தெரியாததா?' என்று இராமல், 1969-ல் ஜப்பானில் டெட்மார் கிராமர் என்ற ஜெர்மானியர் நடத்திய பயிற்சியாளர் வகுப்பில் மாணாக்கராகப் போய் உட்கார்ந்தார். பிறகு 1972-ல் ஈஸ்ட் பெங்காலின் பயிற்சியாளரானார். 1975-ல் ஐ. எப். ஏ. கேடயத்தின் இறுதிப் பந்தயத்தில் மோகன் பகானை அவருடைய பிள்ளைகள் 5-0 என்று தோற்கடித்தார்கள். கல்கத்தாவில் பாதிப் பேர் அதை இன்னும் மறக்கவில்லை. மற்றப் பாதிப் பேர் இன்னும் மன்னிக்கவில்லை. அப்புறம் அந்த மோகன் பகானுக்கே பயிற்சியாளராகப் போனார்! 1977 செப்டம்பர் 24-ம் தேதி, மழை ஊறிய ஈடன் தோட்டத்தில், பெலே இருந்த நியூயார்க் காஸ்மாஸுடன் அந்தக் கோஷ்டி 2-2 என்று சமமாக நின்றது.

அவருடைய பிரதான ஆயுதம் வாய்தான். பந்தயத்துக்கு முன் உடுப்பறையில் அவர் பேசுகிற பேச்சுக்கு 'வோகல் டானிக்' என்று பெயரே வைத்துவிட்டார்கள். பாட்டில் இல்லாத டானிக்! ரஹீமின் பள்ளிக்கூடத்துச் சரக்கு அது.

ஆனால் டானிக் ஒன்றே போதுமா என்று கேட்டவர் ஒருவரும் இருந்தார். அமல் தத்தர் என்பவர் ஈஸ்ட் பெங்காலில் ஆடியவர், பி. கே. அளவுக்குக் கீர்த்தி இல்லாதவர். அவர் சொந்தச் செலவில் இங்கிலாந்துக்குப் போய்ப் பயிற்சி முறை படித்து வந்தார். திரும்பியதும் உத்தியோகத்தை விட்டு, பயிற்சி ஒன்றையே தொழிலாகக் கொண்டார். சினிமா இயந்திரத்தைத் தூக்கிக்கொண்டு வங்காளத்துக் கிராமங்களில் அன்னிய தேசத்து ஆட்டங்களைப் போட்டுக் காட்டினார். மாதச் சம்பளத்தை விட்டுப் பயிற்சியை நம்பிப் பிழைப்பது இந்தியாவில் அதற்குமுன் ஏறக்குறைய யாரும் செய்யாத காரியம். பி. கே.க்கோ ரெயில்வே நாற்காலி இருந்தது.

1997 ஜூலை 13-ம் தேதி இருவரும் எதிர் எதிரே நின்றார்கள்: தத்தரின் மோகன் பகான், பி. கே.யின் ஈஸ்ட் பெங்கால். அழகர் ஆற்றில் இறங்கும் நாளில் வைகைக் கரையில் கூடுகிற கூட்டத்தில் ஒரு பகுதியைச் சுவர் வைத்து அடைத்தாற்போல், ஒரு லட்சத்து முப்பதாயிரம் பேருக்கு மேல் சால்ட் லேக் மைதானத்தில் கூடினார்கள். தத்தர் 'வைர வியூகம்' என்று புதிதாக ஒன்றை அமைத்திருந்தார். அதோடு நின்றிருக்கலாம். எதிர்க் கோஷ்டியின் ஒமோலோவை 'ஆம்லெட்' என்றும், பைச்சுங் பூட்டியாவை 'சுங் சுங்' என்றும் பரிகாசம் செய்துவிட்டார். பி. கே.க்கு அதற்கு மேல் டானிக் காய்ச்ச என்ன வேண்டும்? 'சுங் சுங்' மூன்று 'கோல்' போட்டார். 4-1 என்று தீர்ந்தது.

வெற்றி பி. கே.க்கு. இருந்தாலும், நம் மனம் சினிமா இயந்திரத்தோடு கிராமம் கிராமமாகப் போனவர் பக்கம் கொஞ்சம் சாய்கிறது என்பதை ஒளிப்பானேன்? தேசக் கோஷ்டியின் பயிற்சியாளராக பி. கே.க்குக் கிளப்பில் கிடைத்த பாக்கியம் கிடைக்கவில்லை; 1982-ல் தில்லியில் கால் இறுதியோடு நின்றது. தத்தர் 2016-லும், பி. கே. 2020-லும் காலமானார்கள்.

தமிழர்களும் இந்த வழியில் போகாமல் இல்லை. ரோமாபுரிக்குப் போன குழுவில் இருந்த ஸைமன் சுந்தரராஜ் பிற்பாடு கேரளத்துக்குப் பயிற்சியாளராகி, 1973-ல் அந்த ராஜ்யத்துக்கு முதல் சந்தோஷ் கோப்பையை வாங்கிக்கொடுத்தார்.

இவ்வளவையும் நேற்று மாலை அண்டை வீட்டுக்காரரிடம் சொன்னோம். பையனையும் கூப்பிட்டு, "தம்பி, அந்தச் சின்னப் பிள்ளைகளுக்கு இடது காலால் உதைக்கச் சொல்லிக்கொடு, பார்ப்போம்" என்றோம். அவன் போய்ச் சொல்லிக்கொடுத்தான். ஒரு வாண்டு மூன்று தடவை காற்றை உதைத்தது. இரண்டாவது தடவைக்குப் பையன் கத்தினான். மூன்றாவது தடவைக்குக் கத்தவில்லை. குனிந்து, அந்தக் குழந்தையின் காலைப் பிடித்துப் பந்தின்மேல் வைத்துக் காட்டினான்.

தகப்பனார் இதைக் கவனித்தாரோ என்னவோ! அவர் யோசனை வேறு இடத்தில் இருந்தது.

"ரெயில்வேயில் விளையாட்டுக்காரர்களுக்கு இப்போதும் வேலை கொடுக்கிறார்களா, ஸார்?"

"கொடுக்கிறார்கள். ஆனால் பரீட்சையும் தேறியிருக்க வேண்டும்" என்றோம்.

அவர் உடனே எழுந்து மனைப் பக்கம் திரும்பி, "டேய், விளக்கு வைத்தாயிற்று! புஸ்தகத்தை எடுடா!" என்று ஒரு குரல் கொடுத்தார்.