வளையமாதேவி வயலில் நடந்தது அநீதி

2023 ஜூலை 26 அன்று கடலூர் மாவட்டம் வளையமாதேவியில், பச்சைப் பசேலென்று நின்ற நெல்வயலுக்குள், நிலக்கரி வெட்டி மின்சாரம் தயாரிக்கும் நெய்வேலி நிறுவனமான என்.எல்.சி. பொக்லைன்களை இறக்கியது. இரண்டாம் சுரங்க விரிவாக்கத்துக்காகப் பரவனாற்றைத் திருப்பிவிடும் கால்வாய் வேலை. சுற்றிலும் போலீஸ் பாதுகாப்பு. இழப்பீடு கொடுத்து எப்போதோ எடுத்த நிலம், அதில் பயிரிட்டதே தவறு என்றது நிறுவனம். சட்டத்தின் முன் அந்த வாதத்துக்கு இடமுண்டு. அறத்தின் முன் இல்லை.

அந்த நிலங்கள் 2006க்கும் 2013க்கும் இடையில் எடுக்கப்பட்டவை. ஆவணத்தில் கைமாறிய பிறகும் ஆண்டுக்கணக்கில் உழவர்களே உழுதார்கள், விதைத்தார்கள். சுரங்கம் அங்கே வந்து சேரும் வரை நிறுவனத்துக்கு அந்த மண் தேவைப்படவில்லை. இதற்குள் நில விலை ஏறிவிட்டது. கிராமப்புறத்தில் சந்தை மதிப்பை இரண்டு மடங்கு வரை பெருக்கி, அதே அளவு ஆறுதல் தொகையும் சேர்க்கச் சொல்லும் 2013ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டமும் வந்துவிட்டது. பக்கத்து ஊர்க்காரருக்கு ஏக்கருக்கு 25 லட்சம் ரூபாய் என்று பேசப்பட்டபோது, பழைய கணக்கில் கையெழுத்திட்டவர் எப்படி வாய்மூடி இருப்பார்? பிறகு கூடுதல் கருணைத் தொகை அறிவித்தார்கள். கருணையை யார் கேட்டார்கள்? உழவர்கள் கேட்டது நியாய விலையும், வீட்டுக்கு ஒரு நிரந்தர வேலையும்.

நாட்டுக்கு மின்சாரம் வேண்டும். அதை மறுப்பவர் இல்லை. 1956இல் நிறுவனம் தொடங்கிய காலத்திலிருந்து ஊர் ஊராகக் காலி செய்து அந்த மின்சாரத்துக்கு வழிவிட்டவர்கள் நெய்வேலியைச் சுற்றியுள்ள மக்கள்தாம். அவர்களிடம் அறுவடை வரை பொறுக்க முடியாது என்று சொல்வது கொடுமை. இரண்டு நாள் கழித்து நெய்வேலியில் நடந்த போராட்டத்தில் கல்வீச்சு நடந்தது, அதுவும் தவறுதான். ஆனால் அதைக் காட்டி வயலில் நடந்ததை மறைக்கக் கூடாது. பயிர் அழிக்கப்பட்டதைப் பார்த்துக் கண்ணீர் வந்ததாகச் சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி எம். தண்டபாணி சொன்னார், ஏக்கருக்கு 40,000 ரூபாய் பயிர் இழப்பீடாகக் கொடுக்க உத்தரவிட்டார். நீதிமன்றப் படியேறித்தான் அதுவும் கிடைத்தது.

நிலத்துக்கு விலை, ஆவணத்தில் எடுத்த நாளின் விலையல்ல. உழவரை வெளியேற்றும் நாளின் விலை. வித்தியாசத் தொகையை என்.எல்.சி. உரிமைத் தொகையாகவே கொடுக்க வேண்டும். விளைந்து நிற்கும் வயலில் இனி இயந்திரம் இறங்காது என்று மாவட்ட நிர்வாகம் எழுத்தில் உறுதி தரட்டும்.