நடந்ததுக்கு அப்புறம்தான் பயம்

'கேம் ஓவர்' பார்த்திருக்கீங்களா? 2019 ஜூன்ல வந்த படம், அஸ்வின் சரவணன் இயக்கம், டாப்ஸி நடிப்பு. முகமூடிக் கொலைகாரன், வீடியோ கேம் மாதிரி கிடைக்கும் உயிர்கள் பற்றித்தான் எல்லாரும் பேசுறாங்க. எனக்குப் பயம் வந்தது வேற இடத்துல.

ஸ்வப்னாவுக்கு ஒரு புத்தாண்டு இரவில் பாலியல் வன்கொடுமை நடந்திருக்கிறது. படம் காட்டுவது அதற்குப் பிறகான நாட்களை. இருட்டில் மூச்சு முட்டுகிறது. அதே தேதி நெருங்க நெருங்க உடம்பு நடுங்குகிறது. உளவியலில் இதை 'ஆனிவர்சரி ரியாக்‌ஷன்' என்கிறார்கள். ஒரு காபி ஷாப்பில் இரண்டு பசங்க, வீடியோவில் பார்த்த பொண்ணு இவதான்னு கண்டுபிடிக்கிறாங்க. அவளைத் தொடக்கூட இல்லை. ஆனா அதுக்கப்புறம்தான் அவள் சாகத் துணிகிறாள்.

சினிமாவுக்குச் சரி என்று விட முடியாது. 2024 டிசம்பர் 23-ல் அண்ணா பல்கலைக்கழக கிண்டி வளாகத்தில் நடந்த குற்றத்துக்குப் பிறகு, மாணவியின் விவரங்களோடு எஃப்ஐஆர் இணையத்தில் கசிந்தது. சென்னை உயர் நீதிமன்றம் 25 லட்சம் ரூபாய் இடைக்கால இழப்பீடு தரச் சொன்னது. எஃப்ஐஆர் எழுதிய விதமே அந்தப் பெண்ணைக் குறை சொல்வதுபோல இருப்பதாகவும் கண்டித்தது. 2025 ஜூனில் குற்றவாளிக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது, குறைந்தது 30 வருஷம். சரி, அதை ஃபார்வர்டு பண்ணினவங்க? பாதிக்கப்பட்டவரின் அடையாளத்தை வெளியிட்டால் 2 வருஷம் வரை சிறை என்கிறது பாரதிய நியாய சன்ஹிதா பிரிவு 72.

டிசம்பர் வந்தா நம்ம குரூப்ல "31 நைட் கோவளம் போலாமா?"ன்னு பிளான் ஓடும். "பத்திரமா போங்க, சேர்ந்தே திரும்புங்க"ன்னு போறதுக்கு முன்னாடி சொன்னா அது அக்கறை. ஏதாவது நடந்த பிறகு "அந்த நேரத்துல அங்க என்ன வேலை?"ன்னு கேட்டா அது தீர்ப்பு. ரெண்டும் ஒண்ணுன்னு நினைக்கிறவங்க நம்ம கிளாஸ்லயே நிறைய பேர்.

படத்தில் வினோதினி நடித்த கலாம்மா ஸ்வப்னாவைக் குறுக்கு விசாரணை பண்ணுவதில்லை. கூடவே இருக்கிறாள். நம்மால் முடிவதும் அதுதான். அடுத்த முறை அப்படி ஒரு ஃபைல் வந்தால் திறக்காம டெலிட் பண்ணுங்க. "யாரு மச்சி அந்தப் பொண்ணு?"ன்னு எவனாவது கேட்டா, "உனக்கெதுக்கு?"ன்னு திருப்பிக் கேளுங்க.