சூனியக்காரி என்பவள் யார்?

சூனியக்காரி என்றதும் நம் வீட்டுக் குழந்தைகளுக்கு என்ன நினைவு வரும்? வளைந்த மூக்கு, நரைத்த தலை, துடைப்பத்தில் ஏறிப் பறக்கும் கிழவி!

இந்தக் கிழவி ஐரோப்பாவிலிருந்து கதைப் புத்தகத்தில் ஏறி நம் வீட்டுக்கு வந்தவள். இவளால் ஆபத்து இல்லை. புத்தகத்தை மூடினால் போய்விடுவாள்.

புத்தகத்தை மூடினாலும் போகாத சூனியக்காரி ஒருத்தி இருக்கிறாள். அவள் கதையில் வருபவள் அல்ல. ரத்தமும் சதையும் உள்ள பெண். ஜார்க்கண்ட், பீகார் கிராமங்களில் அவளை "டாயன்" என்கிறார்கள். அசாமில் "டைனி".

இந்தப் பெயர் எப்படி வருகிறது?

ஊரில் ஒரு குழந்தை காய்ச்சலில் இறந்து போகிறது. அல்லது உழவு மாடு சாகிறது. ஆஸ்பத்திரி தூரத்தில் இருக்கிறது. மந்திரவாதியோ பக்கத்திலேயே இருக்கிறார்! "ஓஜா" என்று அவரை அழைப்பார்கள். அவர் குறி பார்க்கிறார். "உங்கள் ஊர்ப் பெண் ஒருத்தியின் வேலை இது" என்கிறார். அவ்வளவுதான். ஊர் அந்தப் பெண்ணைத் தேடத் தொடங்கிவிடும்.

பங்காளிக் காய்ச்சல்

அகப்படுகிறவள் பெரும்பாலும் ஏழை. பல இடங்களில் விதவை. விதவை மேல் ஏன் இந்தப் பழி?

சந்தால் முதலிய ஆதிவாசி மக்களிடம் ஒரு பழைய வழக்கம் உண்டு. புருஷன் இறந்தால், அவன் நிலத்தை மனைவி தன் ஆயுள் வரை அனுபவிக்கலாம். அவளுக்குப் பிறகு நிலம் புருஷனின் பங்காளிகளுக்குச் சேரும். அதுவரை அவர்கள் காத்திருக்க வேண்டும். அவளை ஊரைவிட்டே துரத்திவிட்டால்? காத்திருக்க வேண்டியதில்லையே!

எல்லா ஊரிலும் நிலம்தான் காரணம் என்று சொல்லிவிட முடியாது. வாய்ச் சண்டை உண்டு. உண்மையான பயமும் உண்டு. ஆனாலும் குழந்தைக்கு வந்த காய்ச்சலை விசாரிக்கும்போது, பங்காளிக் காய்ச்சலையும் சேர்த்து விசாரிப்பது நல்லது.

2015 ஆகஸ்டில், ராஞ்சி பக்கத்தில் மாந்தர் பகுதியில், ஒரே இரவில் 5 பெண்களை ஊரார் கொன்றார்கள். 2025 ஜூலையில் பீகாரின் பூர்ணியா மாவட்டத்தில் ஒரே குடும்பத்தில் 5 பேரின் உயிர் போயிற்று. மாந்திரீகத்தைக் காரணமாகக் கொண்ட கொலைகள் 2022-ல் மட்டும் 85 என்று தேசிய குற்ற ஆவணக் காப்பகம் கணக்குக் காட்டுகிறது.

1,000 ரூபாய்!

சட்டம் இல்லையா? இருக்கிறது. 1999-ல் பீகார் சட்டம் போட்டது. 2001-ல் ஜார்க்கண்டும் போட்டது. ஒரு பெண்ணை டாயன் என்று பெயர் சூட்டினால் 3 மாதம் வரை ஜெயில், அல்லது 1,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். நிலத்தின் விலைக்கு முன்னால் இந்த 1,000 ரூபாய் எம்மாத்திரம்? அசாம் சட்டம் இதைவிடக் கடுமையானது. 2015-ல் சட்டசபையில் நிறைவேறிய அதற்கு 2018-ல்தான் ஜனாதிபதியின் ஒப்புதல் கிடைத்தது.

சட்டத்துக்கு முன்பே இரண்டு பெண்கள் புறப்பட்டுவிட்டார்கள். 2021-ல் இருவருக்குமே பத்மஸ்ரீ விருது வந்தது. ஒருவர் ஜார்க்கண்டைச் சேர்ந்த சுட்னி மஹதோ. 1995-ல் ஊரார் இவரையே சூனியக்காரி என்று கொடுமை செய்து விரட்டினார்கள். பிறகு இவர், தம்மைப் போல விரட்டப்பட்ட பெண்களுக்குத் துணை நின்றார்.

மற்றவர் அசாமின் பிருபாலா ராபா. இவர் மகனுக்கு நோய் வந்தது. மந்திரவாதியிடம் காட்டினார். "3 நாளில் செத்துப் போவான்" என்றார் அவர். 3 நாள் கழிந்தது. பையன் சாகவில்லை! அதன் பிறகு பிருபாலா ஊர் ஊராகப் போய் மந்திரவாதிகளை எதிர்த்துப் பேசினார். 2024-ல் காலமாகும் வரை பேசினார்.