கோழிக்கால் யாருக்கு?



போன ஞாயிற்றுக்கிழமை எங்கள் வீட்டில் ஆறு கோழித்தொடை சமைத்தேன். வாப்பா, உம்மா, இவர், பிள்ளைகள் இரண்டு பேர், நான். ஆறு பேருக்கு ஆறு தொடை. இதில் எழுதுவதற்கு என்ன இருக்கிறது என்று கேட்பவர்கள் தங்கள் வீட்டில் கோழிக்கறி பங்கு பிரியும்போது ஒருநாள் பக்கத்தில் நின்று பாருங்கள்.

பத்தாம் ஆண்டுக்கு மனைப்பொருளியல் படிப்பிக்கிறேன். குடும்பத்துக்கு உணவு திட்டமிடுவது பற்றிய பாடம் வரும். வயது, வேலை, உடல்நிலை பார்த்து யாருக்கு என்ன போசணை எவ்வளவு தேவை என்று அட்டவணை போடுவோம். பிள்ளைகள் அழகாகக் கோடு கீறி எழுதுவார்கள். இந்த முறை அட்டவணையை மூடச் சொல்லிவிட்டு ஒரு கேள்வி கேட்டேன். "உங்கட வீட்டுல கோழிக் கால் துண்டு யாருக்கு?"

வகுப்பே சிரித்தது. "வாப்பாக்கு டீச்சர்." "தம்பிக்கு." "யாரும் வந்தா வந்தவங்களுக்கு." மாப்பிள்ளை வந்தால் மாப்பிள்ளைக்கு என்று ஒருத்தி சொன்னாள், அவளுடைய ராத்தாவுக்கு இப்போதுதான் கல்யாணம் முடிந்திருக்கிறது.

"உம்மாக்கு?"

கொஞ்ச நேரம் சத்தமில்லை. பிறகு பின்வாங்கில் இருந்து ஒரு பிள்ளை சொன்னாள்: "உம்மா கடைசியாத்தான் சாப்பிடுவாங்க டீச்சர். நாங்க பாக்கல்ல."

அந்தப் பதிலை நான் வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டேன். எங்கள் உம்மாவும் அப்படித்தான். கழுத்துத் துண்டும் முதுகெலும்பும் அவவுடைய பங்கு. "எனக்கு கழுத்துதான் ருசி" என்று சொல்லுவா. நாங்கள் முப்பது வருஷமாக அதை நம்பினோம். நம்புவது எங்களுக்கு வசதியாகவும் இருந்தது.

மாதவிடாய் வயதில் இருக்கும் பெண்ணுக்கு ஆணைவிட அதிகம் இரும்புச்சத்து வேண்டும், கர்ப்பகாலத்தில் இன்னும் அதிகம் என்று கரும்பலகையில் எழுதிக் கொடுப்பவள் நான்தான். கோழியில் இரும்புச்சத்து கூட இருப்பது ஈரலில். அது சின்ன மகனுக்கு. நெஞ்சு இறைச்சியைவிடக் கொஞ்சம் கூட இருப்பது தொடையில். அது வாப்பாவுக்கு. இரத்தம் குறைவு என்று கிளினிக்கில் குளிசை வாங்கிக்கொண்டு வருகிறவளுக்கு கழுத்து.

எங்கள் மாமா ஒருவர் இருக்கிறார், பகிடிக்காரர். கால் துண்டு தன் பக்கம் வராவிட்டால் ஹதீஸ் சொல்லுவார். நபி (ஸல்) அவர்களுக்கு முன்னங்கால் இறைச்சி விருப்பமாக இருந்ததாம். உண்மைதான், ஹதீஸ்களில் வருகிறது. ஆனால் மாமா, அது ஆடு. கோழிக்கு முன்னங்காலும் இல்லை. முன்னங்காலுக்குச் சரியாக வருவது செட்டை, அதை எடுத்துக்கொள்ளுங்கள் என்று ஒருநாள் சொல்லிவிட்டேன். மனுஷன் சிரித்தார். காலையும் எடுத்துக்கொண்டார்.

ஒன்றைச் சொல்ல வேண்டும். ஆண்கள் பறித்துச் சாப்பிடுகிறார்கள் என்று நான் எழுதவில்லை. அகப்பை பெரும்பாலும் எங்கள் கையில்தான் இருக்கிறது. நான்தான் மகனுக்குக் கால் வைத்தேன், மகளுக்கு நெஞ்சுத் துண்டு வைத்தேன். ஏன் என்று என்னைக் கேட்டால் பதில் இல்லை. கை அப்படிப் பழகியிருந்தது.

ஒரு முழுக்கோழியை வெட்டினால் இரண்டு கால்தான். ஆறு பேர் இருக்கிற வீட்டில் இரண்டு காலை வைத்து நியாயம் பேசுவதும் கஷ்டம். அதனால்தான் மாதத்தில் ஒருநாளாவது முழுக்கோழியை விட்டுவிட்டு தொடையை மட்டும் வாங்குவது என்று முடிவெடுத்தேன். எல்லார் கோப்பையிலும் ஒரே துண்டு. தெரிவு செய்ய ஒன்றுமில்லை, விட்டுக்கொடுக்கவும் ஒன்றுமில்லை.

செலவு கூடும் என்பது தெரியும். தொடை மட்டும் வாங்கினால் கிலோ விலை முழுக்கோழியைவிட அதிகம். 2022 இல் கேஸுக்கு வரிசையில் நின்று, கோழி விலை ஆயிரத்தைத் தாண்டிப் போனபோது, அரைக் கோழியில் உருளைக்கிழங்கு போட்டு ஆணம் நீட்டி இரண்டு வேளை ஓட்டிய வீடுதான் எங்களுடையதும். எட்டுப் பேர் இருக்கிற வீட்டில் முழுக்கோழிதான் சரிவரும், அவர்களுக்கு நான் உபதேசம் செய்ய வரவில்லை. ஆனால் கடையில் இருந்து புரியாணிப் பார்சலும் டெவல் சிக்கனும் மாதத்துக்கு இரண்டு தடவை எடுக்கிற வீடுகள் எங்கள் ஊரில் எத்தனை? அந்தக் காசில் ஒரு தடவையை இதற்கு மாற்றலாம்.

இனி சமையல். இங்கேதான் வீட்டில் பெரிய சண்டை நடந்தது, ஏனென்றால் நான் கோழிக்குப் பாணி ஊற்றினேன்.

"கோழிக்கு கித்துல் பாணியா? இது எனத்த கறி?" என்றா உம்மா. இனிப்பான கோழி என்றால் எங்கள் ஆட்களுக்கு சைனீஸ் கடைச் சாப்பாடு. ஆனால் சீனிச் சம்பல் யார் வீட்டில் இல்லை? வெங்காயம், மாசி, உறைப்பு, புளி, சீனி எல்லாம் ஒரே தாச்சியில். மலே அச்சாறு? டெவல் சிக்கனில் ஊற்றுகிற தக்காளி சோஸில் பாதி இனிப்புத்தானே. இனிப்பும் உறைப்பும் உப்பும் ஒன்றாகச் சேர்வது எங்கள் நாக்குக்குப் புதிதில்லை. போத்தலில் விற்றால் ஏற்றுக்கொள்கிறோம், அடுப்படியில் செய்தால் சந்தேகம்.

அந்தப் போத்தல்கள் பற்றியும் ஒரு வார்த்தை. பிள்ளைகள் யூடியூப் பார்த்துவிட்டு டெரியாக்கி சோஸ் கேட்கிறார்கள். ஜப்பானில் அது ஸோயா சோஸ், சீனி, மிரின் மூன்றும் சேர்த்துச் செய்வது. மிரின் என்பது அரிசியில் செய்கிற இனிப்பு மது, அசலானதில் பதினான்கு சதவீதம் அளவுக்கு அல்கஹோல் இருக்கும். ஹலால் அடையாளத்துடன் வருகிற போத்தல்களில் அது இருக்காது, ஆனால் லேபிளை வாசிக்காமல் வாங்காதீர்கள். எனக்கோ அந்தப் போத்தலே தேவைப்படவில்லை. மிரின் செய்கிற வேலை இனிப்பும் மினுமினுப்பும்தான். அதைக் கித்துல் பாணி அதைவிட நன்றாகச் செய்கிறது, மெல்லிய புகை வாசத்துடன்.

கித்துல் மரத்தின் பூவைச் சீவி எடுக்கிற பதநீரை அப்படியே வைத்தால் புளித்துக் கள்ளாகிவிடும். புளிக்க முன்னர் அடுப்பேற்றிக் காய்ச்சினால் பாணி, இன்னும் இறுக்கினால் கருப்பட்டி. பெருநாளைக்கு வட்டிலப்பத்துக்கு நல்ல கித்துல் கருப்பட்டிதான் வேண்டும் என்று நாங்கள் அடம்பிடிக்கிறோமே, அதே மரம், அதே பானை. மீமுரே பக்கத்து மலைக் கிராமங்களில் இன்றைக்கும் காலையும் மாலையும் ஒரு மனிதன் அந்த உயரத்துக்கு ஏறி இறங்குகிறான். பாணி விலை கூட என்று நாங்கள் முறைப்பாடு செய்கிறோம். விலை குறைந்த பாணி கிடைக்கிறது என்றால் அதில் சீனி கலந்திருக்கும். கோழிக்கு அதுவே போதும் என்று நினைக்க வேண்டாம், சீனிப்பாகு தாச்சியில் ஒட்டிக் கருகும், வாசமும் வராது.

செய்முறை இதுதான். எலும்புடன் ஆறு தொடை, ஏறக்குறைய ஒரு கிலோ. உப்பு அரைத் தேக்கரண்டி போதும், ஸோயா சோஸில் உப்பு இருக்கிறது என்பதை மறக்காதீர்கள். நான் முதல் தடவை மறந்தேன், பிள்ளைகள் தண்ணீர்ப் போத்தலுடன் சாப்பிட்டார்கள். மிளகுத்தூள், இடித்த இஞ்சி, வெள்ளைப்பூடு பிரட்டி அரை மணித்தியாலம் வையுங்கள். பாடசாலை நாள் என்றால் முதல்நாள் இரவே பிரட்டி பிரிட்ஜில் வைத்துவிடலாம், இன்னும் நல்லது.

அகலமான தாச்சியில் கொஞ்சம் தேங்காயெண்ணெய், நடுத்தர நெருப்பு. தோல் பக்கம் கீழே வைத்து எட்டு நிமிடம் தொடாமல் விடுங்கள். கிண்டக் கை துடிக்கும், விடுங்கள். தோல் பொன்னிறமானால் தானாகவே தாச்சியை விட்டு வரும். திருப்பிப் போட்டு ஒரு துண்டு கறுவா, ரம்பை, கருவேப்பிலை, அரைக் கப் தண்ணீர். மூடி, நெருப்பைக் குறைத்து இருபத்தைந்து நிமிடம்.

இந்த இருபத்தைந்து நிமிடம்தான் தொடையின் சூட்சுமம். கோழி எந்தத் துண்டாக இருந்தாலும் உள்ளே 74 பாகை செல்சியஸ் வந்தால் பாதுகாப்பு. நெஞ்சு இறைச்சி அதைத் தாண்டினால் காய்ந்து நாராகிவிடும். தொடை அப்படியில்லை. அது கோழி நடக்கிற தசை, அதில் இணைப்பிழையம் அதிகம். 80 பாகையைத் தாண்டி மெதுவாக வேகும்போது அந்தக் கொலாஜன் கரைந்து ஜெலட்டின் ஆகிறது. அதுதான் வாயில் வழுவழுப்பாகத் தெரிகிற மென்மை. கொஞ்சம் கூட வெந்தாலும் தொடை உங்களை மன்னிக்கும். பாடசாலை முடிந்து வந்து, ஒரு கண்ணால் மகனின் கணக்குக் கொப்பியையும் மறு கண்ணால் அடுப்பையும் பார்க்கிறவளுக்கு இப்படியொரு துண்டு வேண்டும்.

பாணியைக் கடைசியில்தான் ஊற்ற வேண்டும். ஆரம்பத்திலேயே ஊற்றினால் இறைச்சி வேக முன்னர் இனிப்பு கருகிக் கசக்கும். மூடியை எடுத்துவிட்டு இரண்டு மேசைக்கரண்டி ஸோயா சோஸ், மூன்று மேசைக்கரண்டி பாணி, ஒரு மேசைக்கரண்டி புளிக்கரைசல், இடித்த காய்ந்த கொச்சிக்காய் உங்கள் உறைப்புக்கு. நெருப்பைக் கூட்டி நாலைந்து நிமிடம், துண்டுகளைப் பிரட்டிப் பிரட்டி, சாறு தடித்து இறைச்சியில் ஒட்டும் வரைக்கும். புளியை விட வேண்டாம். அது இல்லாவிட்டால் இரண்டாவது வாயிலேயே திகட்டும். சோற்றுக்குச் சரி, என்னைக் கேட்டால் சுடு பாணுக்கு இன்னும் சரி.

ஞாயிற்றுக்கிழமை நானே ஆறு கோப்பையிலும் போட்டு எல்லாரையும் ஒன்றாக உட்காரவைத்தேன். உம்மா உட்கார மாட்டேன் என்றா. "நீங்க தின்னுங்கொ, நான் பொறகு" என்றா. பொறகு என்று ஒன்றில்லை, ஆறும் போட்டாயிற்று, தாச்சி காலி என்று காட்டினேன். உட்கார்ந்தா.

வாப்பா ஒரு வாய் வைத்துவிட்டு "இனிப்பா ஈக்குதே" என்றார். பிறகு பேசவில்லை, எலும்பு மட்டும் மிச்சம் வந்தது. மகள் விரலைச் சூப்பினாள். நான் உம்மாவைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். தொடையில் பாதியைப் பிய்த்து, நான் பார்க்கவில்லை என்று நினைத்து, மகனின் கோப்பையில் வைத்தா. அவன் அதை எடுத்துத் திரும்ப அவவுடைய கோப்பையில் வைத்தான். "உம்மும்மா, இது உங்கட" என்றான். இரண்டு தடவை அங்குமிங்கும் போனது.

மூன்றாவது தடவை உம்மா சாப்பிட்டுவிட்டா. கழுத்துதான் ருசி என்று இன்றைக்கும் சொல்கிறா. ஆனால் திங்கட்கிழமை காலை நான் பஸ்ஸுக்கு ஓடும்போது வாசலில் நின்று கேட்டா, "அந்தப் பாணிப் போத்தல்ல இன்னும் ஈக்குதா?"