பாஸ்போர்ட்டுக்கு 1,500... மேலே கேட்பது எதற்கு?

ஒண்டிக்கடையில் பஸ் ஏறி, 20 கொண்டை ஊசி வளைவு இறங்கி, சேலம் தபால் நிலைய பாஸ்போர்ட் சேவை மையத்துக்குப் போய்வந்தால் காப்பித் தோட்டத் தொழிலாளிக்கு ஒரு நாள் கூலி போச்சு. அதற்கு மேல் கட்டணக் குழப்பம் வேறு வேண்டுமா?

18 வயதுக்கு மேற்பட்டவருக்கு, 10 வருடம் செல்லும் 36 பக்க பாஸ்போர்ட்டுக்கு அரசுக் கட்டணம் 1,500 ரூபாய். 60 பக்கமென்றால் 2,000. சிங்கப்பூருக்கோ துபாய்க்கோ முதல்முறை வேலைக்குப் போகிறவருக்கு 36 பக்கமே தாராளம். குழந்தைகளுக்கு 1,000. முதல்முறை விண்ணப்பிக்கும் 8 வயது வரையிலான குழந்தைக்கும் 60 வயதைத் தாண்டியவருக்கும் 10 சதவிகிதம் தள்ளுபடி உண்டு. தாத்தா, பாட்டிக்கு 1,350 போதும். இது பலருக்குத் தெரிவதே இல்லை!

அவசரமென்றால் தட்கல், கூடுதலாக 2,000. அடுத்த வாரமே விமானம் ஏற வேண்டியிருந்தால் சரி, இல்லாவிட்டால் வீண் செலவு. பாஸ்போர்ட்டைத் தொலைத்தாலோ 36 பக்கத்துக்கு 3,000. பத்திரம்!

பிரவுசிங் சென்டரில் விண்ணப்பம் நிரப்பித்தரக் கூலி கேட்பது நியாயம்தான். ஆனால் அது அரசுக் கட்டணமல்ல. ரசீதை வாங்கி, அதில் எவ்வளவு கட்டியிருக்கிறது என்று பாருங்கள். நிஜமான இணையதளத்தின் பெயர் ‘கவ் டாட் இன்’ என்றே முடியும். அதே மாதிரி தோற்றத்தில் போலிகள் உலவுகின்றன. வீட்டுக்கு போலீஸ் விசாரணை வரும்போது தரவேண்டிய கட்டணம்? ஒரு பைசாவும் கிடையாது.

குறித்த நாளில் போக முடியவில்லையா? பதற வேண்டாம். கட்டிய பணம் ஒரு வருடம் செல்லும். அதற்குள் வேறு தேதி வாங்கிக்கொள்ளலாம்.