முப்பது நாள் கணக்கு

ஊர்த்தெருக்காரர் ஒருவர் முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போடுகிறார். சுடுகாட்டுப் பாதை தன் பட்டா நிலத்தில் இருக்கிறது, காலனிக்காரர்கள் அதில் நடக்கக்கூடாது என்கிறார். நம்மை விசாரிக்காமலே இடைக்காலத் தடை கிடைத்துவிடுகிறது. நோட்டீஸ் வந்ததும் நம் பெரியவர்கள், "தீர்ப்பு வரட்டும், அப்புறம் அப்பீல் போகலாம்" என்பார்கள். தீர்ப்பு வர எத்தனை ஆண்டு ஆகுமோ! அதுவரை பிணத்தை எந்த வழியாகத் தூக்குவது?

தீர்ப்புக்கு மட்டும்தான் அப்பீல் என்று நினைப்பது தவறு. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 104ஆவது பிரிவும் 43ஆவது கட்டளையும், வழக்கு நடக்கும்போதே எந்தெந்த உத்தரவுகளுக்கு மேல்முறையீடு செய்யலாம் என்று பட்டியலே தருகின்றன. இடைக்காலத் தடை கொடுத்தாலும் மறுத்தாலும் அது அந்தப் பட்டியலில் வரும். முன்சீப் கோர்ட் உத்தரவு என்றால் மேல் கோர்ட்டுக்குப் போக 30 நாள் அவகாசம். வக்கீல்கள் இதை சி.எம்.ஏ. என்பார்கள்.

எதிர்த்தரப்பைக் கேட்காமல் கொடுத்த தடையானால், அந்த மனுவை 30 நாளுக்குள் விசாரித்து முடிக்கக் கோர்ட் முயல வேண்டும் என்றும் சட்டம் சொல்கிறது. தடையை நீக்கக் கோரி அதே கோர்ட்டிலும் மனுப் போடலாம். ஆனால் நடப்பது என்ன? வாய்தா மேல் வாய்தா. தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் 2000ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம் இதற்கு வழி சொன்னது: 30 நாளில் முடிக்காவிட்டால், பாதிக்கப்பட்டவர் அந்தத் தடையை எதிர்த்து நேரே அப்பீல் போகலாம். கால் நூற்றாண்டு ஆகிறது. நம் தெருக்களுக்கு இந்தச் செய்தி வந்து சேரவில்லை.

எக்ஸ்பார்ட்டி தீர்ப்பும் இப்படித்தான். கூலி வேலைக்கு வெளியூர் போனவருக்குச் சம்மன் சரியாகச் சேர்ந்திருக்காது. விவரம் தெரிந்த நாளிலிருந்து 30 நாளுக்குள் தீர்ப்பை ரத்து செய்யக் கோரி மனுப் போடலாம். மனு தள்ளுபடியானால், அந்தத் தள்ளுபடிக்கும் அப்பீல் உண்டு.

எல்லா உத்தரவுக்கும் அப்பீல் கிடையாது. பிராதைத் திருத்த அனுமதிப்பது, கமிஷனர் நியமிப்பது, புதிதாக ஒருவரை வழக்கில் சேர்ப்பது போன்றவை பட்டியலில் இல்லை. முன்பு இவற்றுக்கெல்லாம் சீராய்வு மனுப் போட்டுக்கொண்டிருந்தார்கள். 2002 ஜூலையில் நடைமுறைக்கு வந்த திருத்தம் அதைச் சுருக்கிவிட்டது. நாம் கேட்டபடி உத்தரவு கிடைத்திருந்தால் வழக்கே முடிந்திருக்கும் என்கிற நிலையில்தான் இப்போது 115ஆவது பிரிவில் சீராய்வு. மற்றபடி அரசியலமைப்பின் 227ஆவது பிரிவில் உயர் நீதிமன்றத்தை அணுகலாம். ஆனால் அது நீதிமன்றத்தின் விருப்புரிமை. அதுவும் நடக்காவிட்டால் மனம் தளர வேண்டாம். இறுதித் தீர்ப்பை எதிர்த்து அப்பீல் போகும்போது, இடையில் வந்த தவறான உத்தரவையும் ஒரு காரணமாக எழுதலாம். 105ஆவது பிரிவு அதற்கு இடம் கொடுக்கிறது.

அப்பீல் போட்டதாலேயே கீழ் கோர்ட் உத்தரவு நின்றுவிடாது. அதை நிறுத்திவைக்கத் தனி மனுப் போட வேண்டும். இதை மறந்து, அப்பீல் எண்ணைக் கையில் வைத்துக்கொண்டே நிலத்தை இழந்தவர்கள் உண்டு.

செலவுக்கு என்ன செய்வது என்று தயங்குகிறோம். பட்டியல் சாதியினர், பழங்குடியினர் என்றால் வருமானம் பார்க்காமலே இலவசச் சட்ட உதவிக்கு உரிமை உண்டு என்று 1987ஆம் ஆண்டுச் சட்டம் சொல்கிறது. கோர்ட் வளாகத்தில் உள்ள வட்ட சட்டப் பணிகள் குழுவில் மனுக் கொடுக்கலாம். படிக்கிற பிள்ளைகள் பெரியவர்களுடன் போய் எழுதிக் கொடுங்கள். உத்தரவு வந்த அன்றே நகலுக்கும் மனுப் போட்டு, போட்ட தேதியைக் குறித்துக்கொள்ளுங்கள். நகல் வாங்க ஆகும் நாட்கள் அந்த முப்பதில் சேராது.